உடைந்த எலும்பும் கடைசி எழுத்தும்



உங்களில் சிலர் சென்னையிலும் திருச்சியிலும் மெடிக்கல் கோடிங் வேலையில் இருக்கிறீர்கள். அமெரிக்க மருத்துவர் எழுதிய குறிப்பைப் படித்து, நோய்க்கு உரிய குறியீட்டைப் போடும் வேலை. "நாள் முழுக்க எண்ணும் எழுத்தும்தான் சார்" என்று சலித்துக்கொள்கிறீர்கள். அந்த எண்ணுக்குப் பின்னால் உள்ள வரலாற்றை ஓர் எலும்பை வைத்தே சொல்கிறேன்.

கழுத்துக்கும் தோளுக்கும் நடுவே விரலால் தடவினால் தெரிவது காறை எலும்பு. சுமார் 2,400 ஆண்டுகளுக்கு முன், ஹிப்போகிராட்டிஸ் பெயரில் வழங்கும் கிரேக்க நூல் இதைப் பற்றிக் குறைபட்டுக்கொள்கிறது: முறிந்தவுடன் பதறுவார்கள், வலி தணிந்து நடமாடத் தொடங்கியதும் விட்டுவிடுவார்கள், வைத்தியரும் நழுவிவிடுவார், அதற்குள் எலும்பு கூடிவிடும். கோணலாகக் கூடினால் இன்று அதை மால்யூனியன் என்கிறோம்.

1702 பிப்ரவரியில் இங்கிலாந்து அரசர் மூன்றாம் வில்லியம் குதிரை இடறி விழுந்தார். முறிந்தது காறை எலும்புதான். கட்டுப் போட்டுக்கொண்டு அன்றே கோச்சு வண்டியில் அரண்மனை திரும்பினார். வழிக் குலுக்கலில் எலும்பு விலக, மறுபடி சேர்த்துக் கட்டினார்கள். மார்ச் 8 அன்று இறந்துபோனார்.

அரசர் என்பதால் இவ்வளவும் பதிவாயிற்று. சாதாரண லண்டன்வாசி இறந்தால்தான் கணக்கில் வருவார். வாரந்தோறும் அச்சான இறப்புப் பட்டியலில், எதனால் இறந்தார் என்று ஓரிரு சொல் இருக்கும். 1662இல் துணி வியாபாரி ஜான் கிரான்ட் அந்தப் பட்டியல்களைக் கூட்டி ஆராய்ந்தார். 1839இல் வில்லியம் ஃபார், எடைக்கும் அளவைக்கும் இருப்பதுபோல நோய்ப் பெயருக்கும் ஓர் ஒழுங்கு வேண்டும் என்று வாதாடினார். 1893இல் ஷிகாகோவில் பெர்ட்டியோன் பன்னாட்டுப் பட்டியல் ஒன்றை முன்வைத்தார். அதுவும் இறப்புக்கான காரணப் பட்டியல்தான்.

1948இல் உலக சுகாதார நிறுவனம் கொண்டுவந்த ஆறாம் திருத்தத்தில்தான், உயிரோடு இருப்பவரின் நோயும் காயமும் முறையாக இடம்பெற்றன.

அமெரிக்காவின் பழைய முறையில் 733.81 என்றால் 'கோணலாகக் கூடிய முறிவு'. காலா, கையா, இடமா, வலமா என்று அந்த எண் சொல்லாது. 2015 அக்டோபர் 1 முதல் அங்கே பத்தாம் திருத்தம். இப்போது எஸ்42.021பி என்று எழுதினால், வலப்பக்கக் காறை எலும்பு, அதன் நடுத்தண்டு, விலகிய முறிவு, கோணலாகக் கூடியது எல்லாம் அதில் அடங்கும். கடைசி எழுத்து டி என்றால் வழக்கம்போல் ஆறுகிறது. ஜி என்றால் தாமதம். கே என்றால் கூடவே இல்லை.

மருத்துவர் மால்யூனியன் என்று எழுதியிருக்க, அவசரத்தில் டி போட்டால், தோளைத் தூக்க முடியாதவர் ஏட்டில் நலமாகிவருபவர் ஆகிவிடுவார். கோணலைச் சரிசெய்யும் அறுவைக்குக் காப்பீடு கேட்கும்போது அந்த ஓர் எழுத்தே குறுக்கே நிற்கலாம். எக்ஸ்ரே அறிக்கையைப் பார்த்து நாமாகவே பி போடுவதும் தவறு. மருத்துவர் எழுதாததை அவரிடம்தான் கேட்க வேண்டும்.

கிரேக்க வைத்தியர் நழுவிய இடத்தில் இன்று நீங்கள் உட்கார்ந்திருக்கிறீர்கள், பிள்ளைகளே. கடைசி எழுத்தை ஒருமுறை சரிபார்த்துவிட்டு அடுத்த கோப்புக்குப் போங்கள்.

நலமாக இருங்கள்.