சால் எண்ணிய பாட்டு

குச்சனூர் சனீஸ்வரன் கோயிலுக்கு ஆடிச் சனிக்கிழமைகளில் வந்து நெரிசலில் நிற்பவர்களில் எத்தனை பேர் அத்தெய்வத்தின் பெயருக்குப் பொருள் தேடியிருப்பார்கள் என்று தெரியவில்லை. 'சனைச்சரன்' என்னும் வடசொல்லுக்கு மெல்லச் செல்பவன் என்று பொருள். மந்தன் என்ற பெயரும் அதனால் வந்ததே. ஞாயிற்றை ஒருமுறை சுற்றிவர ஏறத்தாழ 29½ ஆண்டுகள் எடுத்துக்கொள்ளும் கோளுக்குப் பொருத்தமான பெயர்தான்.

கோயிலை ஒட்டி ஓடும் நீரைச் சுரபி நதி என்பார்கள். பல ஆண்டுகளுக்கு முன் அதன் கரையில் நின்றுகொண்டு என் பெரியப்பா சொன்னார்: "இந்தத் தண்ணிக்குக் கணக்கு ஏதுப்பா? அது பாட்டுக்குப் போகுது. நாங்க எறச்ச தண்ணிக்குப் பாட்டுத்தான் கணக்கு." வாய்க்கால் எட்டாத மேட்டுக்காட்டில் கமலை இறைத்தவர் அவர். 1895 அக்டோபரில் திறக்கப்பட்ட பெரியாற்று அணையின் நீர் கம்பம் பள்ளத்தாக்கை நனைத்ததைப் பற்றி நாம் நிறையப் பேசியிருக்கிறோம். அந்நீர் ஏறாத மேடுகளைப் பற்றிப் பேசியது குறைவு.

தொழிற்பாடல்கள் உழைப்பவரின் களைப்பு நீங்கப் பாடப்படுபவை என்று வகுப்பில் நெடுங்காலம் சொல்லிவந்திருக்கிறேன். தேர்வுத் தாளில் அதற்கு மதிப்பெண்ணும் போட்டிருக்கிறேன். பெரியப்பாவின் அந்த ஒரு வரிக்குப் பிறகு அவ்விளக்கம் எனக்குப் போதவில்லை.

ஏற்றத்தை எண்ணிப் பாருங்கள். நடுமரத்தின்மேல் துலா. அதன்மீது முன்னும் பின்னும் நடந்து மிதிக்கும் ஆட்கள். கீழே சாலைப் பிடித்து முக்கி, மேலே வந்ததும் கவிழ்ப்பவர். மிதிப்பவரின் அடியும் கவிழ்ப்பவரின் கையும் ஒரு கணம் பிசகினால் மேலே இருப்பவர் விழவும் கூடும். ஆகவே அவர்கள் அனைவருக்கும் பொதுவான ஒரு காலம் வேண்டும். அதைப் பாட்டு தருகிறது. பிள்ளையாரைக் கும்பிட்டுத் தொடங்கி, அடிக்கொரு சாலாக, எண்ணைச் சொல்லுக்குள் பொதிந்து அது நகர்கிறது. பாட்டு எவ்வளவு நீண்டதோ அவ்வளவு நீர் பாத்திக்குள் போயிருக்கிறது. உரக்கப் பாடப்படும் எண்ணை இறைப்பவர், மடை திருப்புபவர், வரப்பில் நிற்கும் நிலக்காரர் என எல்லோரும் கேட்கிறார்கள். எழுத்தறியாதவர்கள் காற்றில் எழுதிய பேரேடு என்று இதைச் சொல்லத் தோன்றுகிறது. (களத்தில் நெல் அளக்கும்போது ஒன்று என்னாமல் 'லாபம்' என்று தொடங்குவதும் இப்படி எல்லோர் காதிலும் விழ எண்ணும் வழக்கந்தான்.)

இது பழைய செய்தி. நீர் இறைக்கும் தொழுவர்களின் பாட்டோசையையும் ஏற்றத்தையும் ஆம்பியையும் மதுரைக்காஞ்சி ஒருசேரக் காட்டுகிறது. முல்லைப்பாட்டிலோ பாசறையில் இருக்கும் அரசனுக்குப் பொழுதளப்போர் குறுநீர்க் கன்னல் கொண்டு நேரம் அறிவிக்கிறார்கள். அங்கே நீரைக் கொண்டு காலத்தை அளந்தார்கள். வயலிலோ காலத்தைக் கொண்டு நீரை அளந்தார்கள். முன்னதைக் கருவி என்று எழுதும் நாம் பின்னதைப் பொழுதுபோக்கு என்று எழுதிவிட்டோம்.

கம்பரைப் பற்றிய கதை ஒன்று எல்லோருக்கும் தெரியும். மூங்கிலிலையில் தங்கிய பனித்துளியைப் பற்றி ஒருவன் ஏற்றத்தில் பாடிக் கேட்கிறார் கம்பர். அதோடு பாட்டு நின்றுவிடுகிறது. அடுத்த அடி என்னவாக இருக்கும் என்று இரவெல்லாம் தவித்து, மறுநாள் வந்து கேட்டுத் தெரிந்துகொள்கிறார். ஏற்றப்பாட்டுக்கு எதிர்ப்பாட்டில்லை என்னும் பழமொழியோடு சேர்த்து, பாமரனின் கவித்திறனுக்குச் சான்றாக இதைச் சொல்வது வழக்கம். கட்டுக்கதைதான். ஆனால் பாட்டு ஏன் அங்கே நின்றது என்று நாம் கேட்டதில்லை. அன்றைய இறைப்பு முடிந்தது, ஆகவே பாட்டும் முடிந்தது. கவிஞரின் ஆவலுக்காக ஓர் அடி கூடப் பாட வேண்டுமென்றால் இன்னொரு சால் இறைக்க வேண்டியிருந்திருக்கும்!

காஷ்மீரக் கம்பளத் தறிகளில் இதற்கு ஓர் உறவு உண்டு. எந்த நிறத்தில் எத்தனை முடிச்சு என்பதைக் குறியீடுகளாக எழுதிய தாளுக்குத் 'தாலிம்' என்று பெயர். ஒருவர் அதை இராகமிட்டுப் படிக்க, தறியில் இருப்பவர்கள் முடிந்துகொண்டே போவார்கள். அங்கே பாடிய நேரம் கம்பளமாகக் கண்முன் கிடக்கிறது, தொட்டுப் பார்க்கலாம். இங்கே அது மண்ணுக்குள் இறங்கிப் பயிராகி, அறுவடையோடு போய்விட்டது.

எஞ்சியவை ஏடுகளும் நூல்களும்தாம். ஆங்கில அதிகாரி பெர்சி மாக்வீன் திரட்டிய நாட்டுப்பாடல்களைக் கி.வா. ஜகந்நாதன் பதிப்பித்து 'மலையருவி' என்னும் பெயரில் 1958இல் வெளிவந்தது. பெரிய தொண்டு, ஐயமில்லை. ஆனால் எந்த அச்சுப் பதிப்பாலும் ஓர் அடிக்கும் அடுத்த அடிக்கும் இடையே சால் கிணற்றில் முங்கி நிறைந்து மேலே வரும் அந்த இடைவெளியைத் தர முடியாது. நாமோ அடிகளை மட்டும் அடுத்தடுத்துப் படித்துவிட்டு, கூறியது கூறல் மிகுதி என்று குறை சொல்கிறோம்.

பெரியப்பாவின் கிணற்றுக்கும் பின்னாளில் மோட்டார் வந்தது. மின்சாரம் இருக்கும் நேரமே கணக்காயிற்று. கமலைப் பாட்டைப் பாடிக் காட்டச் சொல்லி ஒருமுறை கேட்டேன். அன்று என்னிடம் ஒலிப்பதிவுக் கருவிகூட இருந்தது. திண்ணையில் அமர்ந்து இரண்டு முறை தொண்டையைச் செருமினார். பிறகு, வடக்கயிறு கையில் இருப்பதுபோல விரல்களை மடக்கிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "மாடு இல்லாம வரமாட்டேங்குதுப்பா."