பாறைமுனையின் சைப்ரஸ்

கலிபோர்னியாவின் நடுக்கரையில், மான்டெரே தீபகற்பத்தின் மேற்கோரமான சைப்ரஸ் முனையிலும், கார்மெல் விரிகுடாவுக்குத் தெற்கே அமைந்த பாயின்ட் லோபோஸ் முனையிலும் மட்டுமே மான்டெரே சைப்ரஸ் இயற்கையாக வளர்கிறது. பல நாடுகளில் பண்ணை வேலியாகவும் பூங்கா மரமாகவும் பரவிவிட்ட ஓர் ஊசியிலை மரத்தின் பிறப்பிடம் இவ்வளவு குறுகியதாக இருப்பது தாவர வரலாற்றில் அரிதாகவே காணப்படும் நிலை. குளிர்ச்சியும் ஈரமும் மிகுந்திருந்த பனியூழிக் காலத்தில் இம்மரம் இக்கரையில் இன்னும் பரவலாக இருந்தது என்றும், வெப்பமும் வறட்சியும் கூடக்கூட, கோடையிலும் கடல்மூடுபனி படியும் இவ்விரு முனைகளுக்குள் ஒடுங்கியது என்றும் தாவரவியலாளர் கருதுகின்றனர்.

முனைகளில் நிற்கும் மரங்கள் உயர்ந்தவை அல்ல. உப்புக்காற்று கடற்பக்கத்துத் தளிர்களைக் கருக்கிவிடுவதால், கிளைகள் நிலத்தை நோக்கிச் சாய்ந்து, உச்சி தட்டையாகி, அடிமரம் பாறையைப் பற்றியபடி முறுகிக் கிடக்கிறது. செதில்போல ஒட்டியிருக்கும் சிற்றிலைகளைக் கசக்கினால் எலுமிச்சை மணம் எழும். சுமார் 3 செ.மீ. அளவுள்ள உருண்டைக் கூம்புகள், அதாவது விதை தாங்கும் மரக்காய்கள், முதிர்ந்த பின்னும் பல ஆண்டுகள் மூடியே இருந்து, தீயின் வெப்பத்தாலோ கிளை பட்டுப்போவதாலோ திறந்து விதையை உதிர்க்கின்றன. பாயின்ட் லோபோஸில் கீழ்க்கிளைகளின்மேல் துருப்பிடித்த இரும்பின் நிறத்தில் மென்மயிர்போலப் படர்ந்திருப்பது டிரெண்டெபோலியா என்னும் பாசியாகும். பச்சைப்பாசி இனத்தைச் சேர்ந்ததாயினும், கேரட்டுக்கு நிறமூட்டும் கரோட்டின் அதில் மிகுந்திருப்பதால் செம்மஞ்சளாகத் தோன்றும் அது, கிளையைப் பற்றுக்கோடாகக் கொள்கிறதே தவிர மரத்தின் சாற்றை உறிஞ்சுவதில்லை.

தோட்டங்களை நோக்கிய பயணம் 19-ஆம் நூற்றாண்டில் தொடங்கியது. லாம்பர்ட் என்னும் தாவரவியலாளர் வழியாக 1838-இல் இங்கிலாந்தை எட்டிய விதைகள், எங்கிருந்து வந்தவை என்பது அறியப்படாமலேயே விதைக்கப்பட்டன. இலண்டன் தோட்டக்கலைச் சங்கத்திற்காகச் செடிகொடிகளைத் திரட்டிய ஜெர்மானியர் கார்ல் தியோடர் ஹார்ட்வெக் 1846-இல் மான்டெரேக்கு வந்து இம்மரத்தைக் கண்ட பின்னரே அதன் பிறப்பிடம் உறுதியாயிற்று. 1849-இல் அதன் அறிவியல் விவரிப்பு அச்சேறியது. 1870-களில் சான் பிரான்சிஸ்கோவின் மணல்மேடுகளில் கோல்டன் கேட் பூங்காவை உருவாக்கியபோது, முதலில் பார்லியையும் லூபினையும் விதைத்து மணலை நிலைநிறுத்தி, பின்னர் இம்மரத்தைக் காற்றுத்தடுப்பாக நட்டனர். நியூசிலாந்து உழவர்கள் மாக்ரோகார்ப்பா என்ற பெயரில் இதனை வரிசை வரிசையாக வளர்த்து, வேலியோடு மரக்கட்டையும் பெற்றனர். ஆயினும் சினைப்பசுக்கள் இதன் இலையைத் தின்றால் கரு கலையும் என்பதைப் பட்டறிவால் கற்க வேண்டியிருந்தது. இலங்கையின் மலைநாட்டில், சிங்கோனா வளர்ப்புக்காக 1861-இல் தொடங்கப்பட்ட ஹக்கலைத் தோட்டத்திலும் இம்மரம் இடம்பெற்றுள்ளது.

தோட்டம் இம்மரத்திற்குப் புதியதோர் உறவையும் ஏற்படுத்தியது. அலாஸ்கா முதல் வட கலிபோர்னியா வரை வளரும் நூட்கா சைப்ரஸும் இதுவும் காட்டில் சந்திப்பதில்லை. வேல்ஸ் நாட்டின் லைட்டன் ஹால் பண்ணையில் அருகருகே நடப்பட்டதால் 1888-இல் அவற்றின் மகரந்தம் கலந்து லேலண்ட் சைப்ரஸ் என்னும் கலப்பினம் பிறந்தது. விதை பயன்படாமையால் தண்டுத்துண்டுகளை வேர்விடச் செய்தே பெருக்கப்படும் அது, ஆண்டுக்கு ஏறத்தாழ ஒரு மீட்டர் வளர்ந்து, பிரிட்டனின் குடியிருப்புகளில் அண்டை வீட்டாரின் வெளிச்சத்தை மறைக்கும் வேலியாயிற்று. இத்தகைய வழக்குகள் பெருகியதால், 2 மீட்டருக்கு மேற்பட்ட பசுமைமாறா வேலிகளைக் குறைக்க உத்தரவிடும் அதிகாரம் 2003-ஆம் ஆண்டுச் சட்டத்தின்வழி உள்ளாட்சி மன்றங்களுக்கு வழங்கப்பட்டது.

நட்ட மரங்களின் செழிப்பைக் கொண்டு இவ்வினத்தின் நலத்தை அளவிடுவது பிழையாகும். 1920-களின் இறுதியில் கலிபோர்னியாவில் கண்டறியப்பட்ட ஒரு பூஞ்சைநோய், பட்டையில் பிசின் கசியும் புண்களை உண்டாக்கிக் கிளைகளை வாடச்செய்து, கடலைவிட்டு விலகிய வெப்பமான இடங்களில் நடப்பட்ட சைப்ரஸ்களைப் பெருமளவில் அழித்தது; குளிர்ந்த கடற்கரையின் காட்டுமரங்களோ பெரிதும் தப்பின. வளத்தைத் தராத பாறைமுனைகள் பாதுகாப்பைத் தந்தன என்பதால், அம்முனைகளைக் காத்தவர்களின் பணியே இவ்வரலாற்றில் முதன்மையாக மதிக்கத்தக்கது.

பாயின்ட் லோபோஸில் 1890-களில் வீட்டுமனைகள் பிரித்து விற்கப்பட்டு வந்தன. 1898-இல் அங்கு நிலம் வாங்கிய அலெக்சாண்டர் ஆலன், விற்கப்பட்ட மனைகளைப் படிப்படியாகத் திரும்ப வாங்கி, தோப்பு துண்டாடப்படாமல் தடுத்தார். 1933-இல் கலிபோர்னிய மாநிலம் அந்நிலத்தைப் பெற்றுக் காப்பிடமாக்கியபோது, சைப்ரஸ் தோப்பை ஆலன் தம்பதியரின் நினைவாக அவர்களது குடும்பத்தினர் கொடையாக வழங்கினர். சைப்ரஸ் முனைப் பகுதியோ தனியார் கையில் இருந்து, மாளிகைகளும் கோல்ஃப் மைதானங்களும் சூழ்ந்ததாயிற்று. அதன் அருகே பயணிகளால் பெரிதும் படமெடுக்கப்படும் தனிச் சைப்ரஸ், கற்சுவரின் அணைப்பாலும் கம்பிவடங்களின் பிடிப்பாலும் நிறுத்தப்பட்டிருந்தும், 2019 பிப்ரவரிப் புயலில் ஒரு பெருங்கிளையை இழந்தது.