வந்து வந்து போகும் முழங்கை வீக்கம்: ஒரு எண்ணின் கதை

உங்கள் டிஸ்சார்ஜ் சம்மரியையோ காப்பீட்டுப் படிவத்தையோ எடுத்துப் பாருங்கள். நோயின் பெயருக்குப் பக்கத்தில் எம் 25.4, டி 66 என்று வண்டி நம்பர் மாதிரி ஏதாவது இருக்கும். அதுதான் ஐ.சி.டி. எண். உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியலில் உங்கள் நோயின் கதவு எண் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இந்த இழையில் ஒரே ஒரு பிரச்சனையை மட்டும் எடுக்கிறேன். முழங்கை மூட்டு வீங்குது. ரெண்டு மூணு நாளில் தானா வத்திடுது. சில வாரம் கழிச்சு மறுபடி வீங்குது. இதற்கு என்ன எண் போடுவது?

முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன். இந்தப் பட்டியல் நோயாளிகளுக்காக உருவானதே இல்லை. இறந்தவர்களுக்காக உருவானது.

1893. சிகாகோவில் சர்வதேசப் புள்ளியியல் கழகக் கூட்டம். பாரிஸ்காரரான ழாக் பெர்ட்டியோன் இறப்புக் காரணங்களின் பட்டியல் ஒன்றை முன்வைக்கிறார். 1900-இல் பாரிஸில் 26 நாடுகள் கூடி அதை 179 தலைப்புகளாக ஏற்றுக்கொள்கின்றன.

(இவருடைய தம்பி அல்போன்ஸ் பெர்ட்டியோன் போலீஸ் துறையில் இருந்தவர். குற்றவாளிகளின் உடம்பை அளந்து அடையாளம் காணும் முறையைக் கொண்டுவந்தவர். அவர் எடுத்த அளவுகளில் ஒன்று முழங்கையிலிருந்து நடுவிரல் நுனி வரை. நம்ம தோவாளை பூச்சந்தையில் பிச்சிப்பூ அளக்கிற அதே முழம்!)

முழங்கை வீங்கினதால் யாரும் சாவதில்லை. அதனால் அண்ணன் போட்ட பட்டியலில் அதற்கு இடமில்லை.

ஆஸ்பத்திரியில் உயிரோடு படுத்திருப்பவர்களின் நோயையும் இப்படி ஒரே முறையில் எண்ணுங்கள் என்று 1860 லண்டன் மாநாட்டிலேயே வலியுறுத்தியவர் ஃப்ளாரன்ஸ் நைட்டிங்கேல். அது நடக்க 1948 ஆயிற்று. பட்டியலின் ஆறாவது திருத்தத்தில்தான், உலக சுகாதார நிறுவனத்தின் பொறுப்பில், கொல்லாத நோய்களும் முறையாக உள்ளே வந்தன. நம்ம குமரி மாவட்டம் தமிழ்நாட்டோடு இணைந்தது 1956-இல். அதற்கு எட்டே வருடம் முன்னால்!

இந்தப் பக்கம் இப்படி இருக்க, அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் ஃபிலிப் ஹென்ச் என்ற மூட்டுநோய் மருத்துவர் ஒரு விசித்திரத்தைக் கவனித்துக்கொண்டிருந்தார். சிலருக்கு ஒரு மூட்டு திடீரென வீங்குகிறது, சிவக்கிறது, உயிர் போகிற மாதிரி வலிக்கிறது. சில மணி நேரத்தில், மிஞ்சினால் சில நாளில், சுவடே இல்லாமல் போய்விடுகிறது. பிறகு அதே மூட்டிலோ வேறு மூட்டிலோ திரும்ப வருகிறது. 1944-இல் ரோசன்பர்க் என்பவரோடு சேர்ந்து 34 நோயாளிகளின் விவரத்தை வெளியிட்டார். அவர்கள் வைத்த பெயர் பாலிண்ட்ரோமிக் ருமாட்டிசம். பாலிண்ட்ரோம் என்றால் விகடகவி மாதிரி திருப்பி வாசித்தாலும் அதே சொல். வந்த வழியே திரும்பி ஓடுவது என்று கிரேக்கத்தில் பொருள். பொருத்தமான பெயர்தானே? இதே ஹென்ச்தான் கார்ட்டிசோன் ஆய்வுக்காக 1950-இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டவர்.

1990-இல் ஒப்புதல் பெற்ற ஐ.சி.டி.-10 தான் நம் மருத்துவமனைகளில் இன்றும் பரவலாகப் புழங்குவது. அதில் ஹென்ச்சின் நோய்க்கு எம் 12.3. விட்டு விட்டு நீர் கோர்க்கும் மூட்டுக்கு எம் 12.4. காரணம் தெரியாமல் "மூட்டில் நீர்" என்று மட்டும் இருந்தால் எம் 25.4. கடைசியில் 2 சேர்த்தால் இடம் மேல்கை, முழங்கை மூட்டு. எம் 25.42 ஆகிவிடும். முழங்கையை ஊன்றி ஊன்றி அதன் நுனியில் பை மாதிரி வீங்குவது மூட்டுக்கு வெளியே உள்ள சமாச்சாரம். அது எம் 70.2.

எம் 25.4-க்குக் கீழே ஒரு குறிப்பு இருக்கும்: "யாஸ் நோயில் வரும் மூட்டு நீரை இங்கே சேர்க்காதே." யாஸ் என்பது வெப்ப நாடுகளில் ஏழைக் குழந்தைகளை வாட்டிய தோல், எலும்பு நோய். 2016-இல் உலக சுகாதார நிறுவனம் இந்தியாவை யாஸ் இல்லாத நாடு என்று சான்றளித்துவிட்டது. நோய் போய்விட்டது, புத்தகத்தில் அதன் கதவு எண் மட்டும் நிற்கிறது.

எண்ணுவது வெள்ளைக்காரன் வேலை மட்டும் என்று நினைக்க வேண்டாம். யூகி வைத்திய சிந்தாமணி வாத நோய்களை 80 என்று எண்ணி வைத்திருக்கிறது. 2024 ஜனவரியில் டெல்லியில் வெளியிடப்பட்ட ஐ.சி.டி.-11-இன் பாரம்பரிய மருத்துவத் தொகுதியில் ஆயுர்வேதம், யுனானியோடு சித்தமும் இடம்பெற்றிருக்கிறது.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன்.

எம் 25.4 ஒரு நோயின் பெயரே இல்லை. அறிகுறியின் பெயர். காரணம் தெரிந்தால் காரணத்துக்கு எண் போடு, தெரியாதபோதுதான் அறிகுறிக்கு என்பது பட்டியலின் சொந்த விதி. ஆனால் நூற்றுக்கணக்கானோர் நிற்கும் ஓ.பி.யில் "முழங்கை வீக்கம்" என்று எழுதி, வலி மாத்திரை கொடுத்து அனுப்புவது எளிது. ஒவ்வொரு வீக்கமும் தனித்தனி சீட்டு, தனித்தனி எம் 25.4. ஆறு சீட்டையும் சேர்த்து வைத்துப் பார்க்க ஆளில்லை.

இதில் யார் ஏமாறுகிறார்? ஏழு வயதுப் பையனை நினைத்துக்கொள்ளுங்கள். பெரிய அடி எதுவும் படாமலே முழங்கை அடிக்கடி வீங்குகிறது. உள்ளே இருப்பது நீர் இல்லை, ரத்தம். ஹீமோபிலியா. ரத்தக்கசிவு அதிகம் தாக்கும் மூட்டுகள் முழங்கால், கணுக்கால், முழங்கை. எட்டாவது உறைகாரணி குறைந்தால் டி 66, ஒன்பதாவது குறைந்தால் டி 67. டி 66 என்று எழுதப்பட்டால் தமிழக அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளில் ஃபேக்டர் ஊசி இலவசம். 2016 மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 21 வகைகளில் ஹீமோபிலியாவும் ஒன்று. எம் 25.4 என்றே எழுதிக்கொண்டிருந்தால் இது எதுவும் அவனுக்கு இல்லை. சில வருடத்தில் கை நீட்ட முடியாமல் மடங்கிப் போகும்.

எங்கள் ஊர்ப்பக்கம் மூட்டு வீங்கினால் எண்ணெய் போட்டு உழிச்சல் செய்யும் வழக்கம் உண்டு. ரத்தம் கசியும் மூட்டை உழிந்தால் கசிவு கூடும். காரணம் தெரியும்வரை தயவுசெய்து வேண்டாம்.

பெரியவர்களுக்கு வேறு கணக்கு. பாலிண்ட்ரோமிக் ருமாட்டிசம் உள்ளவர்களில் ஒரு பகுதியினருக்கு நாளடைவில் முடக்குவாதம் வருகிறது. ஆர்.எஃப்., ஆன்டி சி.சி.பி. ரத்தப் பரிசோதனைகள் யாரைக் கூடுதலாகக் கவனிக்க வேண்டும் என்று சொல்லும். யூரிக் அமிலம், காசநோய் பக்கமும் ஒரு பார்வை வேண்டும்.

ஓ.பி.க்கு நீங்கள் வரும் நாளில் வீக்கம் வத்தியிருக்கும், நான் பார்க்க எதுவும் இருக்காது. அதனால் வீங்கும்போதே இரண்டு கைகளும் தெரிய செல்போனில் படம் எடுங்கள், தேதி தானாகப் பதிவாகிவிடும். எத்தனை நாள் இருந்தது, காய்ச்சல் இருந்ததா என்று எழுதி வையுங்கள். பையனாக இருந்தால், பல் பிடுங்கியபோதோ சுன்னத் செய்தபோதோ ரத்தம் நிற்காமல் போனதா, தாய்மாமன் யாருக்காவது இப்படி உண்டா என்பதைக் கேட்காமலே சொல்லுங்கள். பழைய ஓ.பி. சீட்டுகளைத் தூக்கிப் போடாதீர்கள். ஆறையும் ஒன்றாக மேசையில் வையுங்கள். காய்ச்சலோடு மூட்டு சிவந்து வீங்கி, கையை அசைக்கவே முடியவில்லை என்றால் படமெல்லாம் வேண்டாம், அன்றைக்கே கிளம்பி வாருங்கள்.