பேட்டியில் சொன்னதும் பாட்டில் கேட்டதும்: ஆட்டோ-டியூன் வரலாறு

முதல்நிலை மூலம் எது, இரண்டாம் நிலை மூலம் எது என்று கேட்டால் நம் மாணவர்கள் டக்கென்று சொல்லிவிடுவார்கள். சம்பவத்தில் நேரடியாக இருந்தவர் சொன்னால் அது முதல்நிலை. சரி, அந்த நேரடி ஆளே பொய் சொன்னால்? இதற்கு நான் வகுப்பில் காட்டும் உதாரணம் போரோ ஒப்பந்தமோ அல்ல, ஒரு பாட்டு. பையன்கள் தூங்காமல் கேட்கிறார்கள், அதுவே பெரிய விஷயம்.

கதை எண்ணெய்க் கிணற்றில் தொடங்குகிறது. ஆண்டி ஹில்டிபிராண்ட் என்ற அமெரிக்கப் பொறியாளர் 1970களில் எக்ஸான் நிறுவனத்தில் வேலை பார்த்தவர். பூமிக்குள் ஒலி அலையை அனுப்பி, திரும்பி வரும் எதிரொலியைக் கணக்குப் போட்டு, கீழே எண்ணெய் இருக்கிறதா என்று பார்க்கும் வேலை. புல்லாங்குழல் வாசிக்கத் தெரிந்த மனிதர்; பிற்பாடு அந்தத் துறையை விட்டுவிட்டு இசை படிக்கப் போனார். ஓர் அலையை அதன் நகலோடு கொஞ்சம் கொஞ்சமாகத் தள்ளிவைத்து ஒப்பிட்டால், அது எத்தனை முறை திரும்பத் திரும்ப வருகிறது என்று தெரிந்துவிடும். பாடகரின் குரலுக்கும் இதே கணக்குதான். குரல் எந்தச் சுருதியில் நிற்கிறது என்று கண்டுபிடித்துவிட்டால், பக்கத்திலுள்ள சரியான ஸ்வரத்துக்கு அதை நகர்த்தலாம். இப்படி 1997இல் அவருடைய அண்டாரெஸ் நிறுவனம் வெளியிட்ட ப்ளக்-இன்தான் ஆட்டோ-டியூன்.

நோக்கம் என்ன? சுருதி விலகினால் சத்தமில்லாமல் திருத்துவது. கேட்பவருக்குத் தெரியவே கூடாது. அதற்காக ஒரு வேகக் கட்டுப்பாடு வைத்தார்கள். குரலை எத்தனை மில்லி விநாடியில் சரியான ஸ்வரத்துக்கு இழுக்க வேண்டும் என்பதை அதில் குறிக்கலாம். மெதுவாக இழுத்தால் இயல்பாக இருக்கும். பூஜ்ஜியத்தில் வைத்தால்? குரல் சறுக்குவதே இல்லை. ஒரு ஸ்வரத்திலிருந்து அடுத்ததற்குப் படிக்கட்டு ஏறுவது போல் தாவும். கர்நாடக சங்கீதம் கற்றவர்களுக்கு ஒரே வரியில் சொல்வதானால், கமகத்தை அப்படியே வழித்து எடுத்துவிட்ட மாதிரி. பூஜ்ஜியத்தை யாரும் பயன்படுத்துவார்கள் என்று தான் நினைக்கவே இல்லை என ஹில்டிபிராண்ட் பின்னாளில் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

ஒரே வருடத்தில் பயன்படுத்திவிட்டார்கள். 1998இல் லண்டனில் மார்க் டெய்லர், பிரையன் ராலிங் இருவரும் தயாரித்து, சேர் பாடிய ‘பிலீவ்’ பாட்டில் அந்தக் குரல் வந்தது. முதல் சரணத்திலேயே சில சொற்கள் மட்டும் உடைந்து உடைந்து இயந்திரம் மாதிரி ஒலிக்கும். அதை எடுத்துவிடச் சொன்னது இசை நிறுவனம். சேர் முடியவே முடியாது என்றார். பாட்டு பிரிட்டனில் 7 வாரம் முதலிடத்தில் நின்றது.

எப்படிச் செய்தீர்கள் என்று எல்லாரும் கேட்டார்கள். 1999 பிப்ரவரியில் ‘சவுண்ட் ஆன் சவுண்ட்’ என்ற ஒலிப்பதிவுத் துறை இதழுக்குத் தயாரிப்பாளர்கள் பேட்டி கொடுத்தார்கள். டிஜிடெக் டாக்கர் என்ற வோகோடர் கருவியால் செய்தோம் என்று, கருவியின் பெயரோடு விளக்கமாகவே சொன்னார்கள். நேரில் இருந்தவர்கள், சம்பவம் நடந்து சில மாதங்களுக்குள், துறை இதழில். தேர்வு விடைத்தாளில் இதைவிட நல்ல முதல்நிலை மூலம் கேட்க முடியுமா? ஆனால் உண்மை வேறு. செய்தது ஆட்டோ-டியூன். தொழில் ரகசியத்தைக் காப்பாற்றத்தான் அப்படிச் சொல்லியிருக்கிறார்கள். பிறகு அந்த இதழே பழைய கட்டுரையோடு ஒரு திருத்தக் குறிப்பைச் சேர்த்துவிட்டது.

இங்கேதான் மாணவர்களை நிறுத்திக் கேட்பேன்: அந்த ஒலிப்பதிவும் ஒரு முதல்நிலை மூலம்தானே? வோகோடர் என்பது குரலின் உச்சரிப்பை எடுத்து வேறொரு வாத்திய ஒலியின் மேல் ஏற்றுவது. 1970களில் ஜெர்மனியின் க்ராஃப்ட்வெர்க் குழு அதைப் பயன்படுத்தியதைப் போட்டுக் காட்டுங்கள், பிறகு ‘பிலீவ்’ போடுங்கள். முன்னதில் பேசுவது சிந்தசைசர். பின்னதில் இருப்பது சேரின் சொந்தக் குரல், சுருதி மட்டும் தாவுகிறது. பேட்டி ஒன்று சொல்கிறது, பாட்டு வேறு சொல்கிறது. எதை நம்புவது என்று பையன்களே சண்டை போட்டுக்கொள்ளட்டும். நான் பாட்டு பக்கம். மறைக்க வேண்டிய காரணம் பேட்டி கொடுத்தவர்களுக்கு இருந்தது.

இதற்குப் பிறகு மறைக்க எதுவுமில்லை. டி-பெய்ன் 2005இல் தன் முதல் ஆல்பத்திலிருந்தே அந்தக் குரலைத் தன் அடையாளமாக்கிக்கொண்டார். தாயை இழந்த கான்யே வெஸ்ட் 2008இல் ஏறக்குறைய ஓர் ஆல்பம் முழுவதையும் அப்படிப் பாடினார்; துக்கம் தொண்டையை அடைக்கிற மாதிரி அங்கே அது ஒலிக்கிறது. எதிர்ப்பும் வந்தது. 2009 கிராமி விழாவுக்கு ஒரு ராக் குழு நீல ரிப்பன் குத்திக்கொண்டு வந்தது. அதே ஆண்டு ஜே-சி இதற்கு மரண அறிவிப்பு என்றே ஒரு பாட்டுப் போட்டார். 2010இல் ‘டைம்’ இதழ் உலகின் 50 மோசமான கண்டுபிடிப்புகளில் ஒன்றாகச் சேர்த்தது. கொஞ்சம் ஓவர்தான்.

அடி விழுந்தது டி-பெய்னுக்கு. நீ இசையையே கெடுத்துவிட்டாய் என்று சக பாடகர் ஒருவர் விமானத்தில் சொன்னதும், அதற்குப் பிறகு வருடக்கணக்கில் மனச்சோர்வில் கிடந்ததும் பற்றி 2021இல் ஓர் ஆவணத் தொடரில் அவரே பேசினார். பாடத் தெரியாதவன்தான் இதைப் போடுவான் என்பது பொதுவான எண்ணம். 2014இல் அமெரிக்காவின் என்.பி.ஆர். வானொலி அலுவலகத்தில், ஒரு மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து, ஒரே ஒரு கீபோர்டு துணையோடு, எந்த ப்ளக்-இன்னும் இல்லாமல் அவர் தன் பாட்டுகளைப் பாடினார். சுருதி சுத்தமாக நின்றது. அந்த ஒளிப்பதிவு இணையத்தில் இருக்கிறது; மூன்றாவது மூலமாக வகுப்பில் போட்டுக் காட்டலாம்.