மலையகத் தமிழரின் ஆட்பெயர்கள்

இலங்கையின் நுவரெலியா மாவட்டத்தில், தலவாக்கலையைச் சூழ்ந்த தேயிலைத் தோட்டங்களில் வழங்கும் தமிழ் ஆட்பெயர்களில் மூத்தவை, 19ஆம் நூற்றாண்டில் திருச்சி, சேலம், மதுரை, புதுக்கோட்டை, இராமநாதபுரம் முதலிய பகுதிகளிலிருந்து கோப்பிக்கும் பின்னர் தேயிலைக்குமாகக் ஆள்சேர்க்கும் கங்காணிகள் அழைத்துவந்த குடும்பங்களோடு கடல் கடந்தவை. தோட்டங்களுக்கு வெள்ளைத் துரைமார் லோகி, ஹோலிரூட் என ஸ்கொட்லாந்துப் பெயர்களை இட்டனர். அதே தோட்டங்களின் லயங்கள் எனும் வரிசை வீடுகளில் பிறந்த பிள்ளைகளுக்கோ, ஊரில் விட்டுவந்த தெய்வங்களின் பெயர்கள் சூட்டப்பட்டன.

கருப்பையா, முனியாண்டி, மாடசாமி, மாரிமுத்து, காளியம்மா ஆகியவை ஊர்க்காவல் தெய்வங்களையும் அம்மனையும் சார்ந்தவை. பெருமாள், ரெங்கசாமி, ராமாயி, லெட்சுமி முதலியன திருமால் வழிபாட்டுக் குடும்பங்களில் மிகுதி. வீராயி, முத்தாயி, அழகாயி போன்ற பெண்பெயர்களில் 'ஆயி' தாயைக் குறிக்கும். பெயரின் ஈறு மரியாதையையும் அளந்தது. கருப்பன், கருப்பையா, கருப்புசாமி மூன்றும் ஒரே தெய்வத்தின் பெயரே. ஆனால் யாருக்கு எந்த ஈறு என்பதில் பழைய ஊரின் சாதி அடுக்கும் சேர்ந்தே வந்தது.

பிறந்த பிள்ளைகள் அடுத்தடுத்து இறந்த வீடுகளில் அடுத்த பிள்ளைக்குப் பிச்சை, குப்புசாமி, குப்பாயி எனப் பெயரிடுவர். பிள்ளையைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுப்பதும், பிறர் கையிலிருந்து பிச்சையாக வாங்குவதும் இதற்குரிய சடங்குகள். எமன் கண்ணுக்கு மதிப்பற்றதாகத் தோன்றினால் பிள்ளை தங்கும் என்பது நம்பிக்கை. மேற்கு ஆப்பிரிக்காவின் யொரூபா மக்களும் இத்தகைய பிள்ளைகளுக்கு 'இனிப் போகாதே' எனப் பொருள்படும் மலோமோ போன்ற பெயர்களை இடுவர். குளிரும் காய்ச்சலும் குழந்தைகளை வாரிக்கொண்டுபோன தோட்டங்களில் இப்பெயர்கள் தாய்மாரின் வேண்டுதலாகவே நின்றன.

முதல் மகனுக்குத் தந்தைவழிப் பாட்டன் பெயரை இடுவது பழைய வழக்கம்; 'பேரன்' என்ற சொல்லே பெயரைத் தாங்குபவன் என்ற பொருளில் பிறந்தது. மாமனார் பெயரை மருமகள் உச்சரிக்கலாகாது என்பதால் அப்பிள்ளை வீட்டில் ராசு, தம்பி என்று வேறு பெயரால் அழைக்கப்பட்டான். பள்ளியில் சேரும் நாள்வரை பதிவுப்பெயரைக் கேட்டறியாத பிள்ளைகளும் இருந்தனர்.

குடும்பப்பெயர் என்று ஒன்று இங்கே வேரூன்றவில்லை. தந்தையின் பெயரோ அதன் முதலெழுத்தோ முன்னே நிற்கும். அடுத்த தலைமுறையில் அது மாறிவிடும். ஐஸ்லாந்திலும் பெரும்பாலோருக்கு இவ்வாறே தந்தை பெயர்வழி அடையாளம் நிலவுகிறது. மாறாக, தென்னாப்பிரிக்காவுக்குச் சென்ற தமிழரிடையே பிள்ளை, கவுண்டர் முதலியவை 'பிள்ளே', 'கவெண்டர்' எனப் பரம்பரைப் பெயர்களாக உறைந்துவிட்டன.

தோட்டத்தில் பெயர் கூலிக்கும் அளவாயிற்று. செக்ரோல் எனும் வேலைப் பதிவேட்டில் ஒரு நாள் வேலை பதிவானால் 'பேர்' விழுந்தது என்பர். நிர்ணயித்த அளவு கொழுந்து பறிக்காதவருக்கு 'அரைப் பேர்'. அதாவது அரைநாட் சம்பளம். செக்ரோலை எழுதியவர் காதில் விழுந்தவாறே பெயரும் எழுதப்பட்டது. ழகர, ளகர, றகர வேறுபாடுகள் ஆங்கில, சிங்கள எழுத்துகளில் மங்கின. லெட்சுமி ஒரு பத்திரத்தில் ஒருவிதமாகவும் மற்றொன்றில் வேறுவிதமாகவும் ஆனாள்.

இந்தச் சிறு பிழைகளின் கனம் சுதந்திரத்துக்குப் பின் தெரிந்தது. சுதந்திரத்துக்கு முந்தைய 1947 தேர்தலில் தலவாக்கலைத் தொகுதி, கவிஞரும் தொழிற்சங்கவாதியுமான சி. வி. வேலுப்பிள்ளையைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பியது. ஆனால் அடுத்த ஆண்டின் குடியுரிமைச் சட்டம், வம்சாவளிக் குடியுரிமைக்குத் தந்தையோ, தந்தைவழிப் பாட்டனும் முப்பாட்டனுமோ இலங்கையில் பிறந்ததை நிரூபிக்கச் சொன்னது. பதிவே இல்லாத, அல்லது பிழையாகப் பதிவான பெயர்களை வைத்து அதை நிரூபிப்பது பெரும்பாலோருக்கு இயலாததாயிற்று. 1949இல் வந்த இந்திய பாகிஸ்தானிய வதிவாளர் சட்டத்தின்கீழ் அளிக்கப்பட்ட விண்ணப்பங்களிலும் பெரும்பாலானவை நிராகரிக்கப்பட்டன. தாத்தாவின் பெயரைப் பேரனுக்கு இட்டு வம்சத்தைக் காத்த மக்களிடமே தாத்தாவுக்குச் சான்று கேட்கப்பட்டது பெரும் அநீதி. 1964இல் இலங்கை, இந்தியப் பிரதமர்கள் செய்த சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தின் பின் இந்தியா சென்ற குடும்பங்களிலும் இங்கேயே தங்கியவற்றிலும் பெயர்க்குழப்பம் தொடர்ந்தது. நாடற்றோராகவே எஞ்சியவர்களின் குடியுரிமைச் சிக்கலைத் தீர்க்கும் சட்டம் 2003இல்தான் நிறைவேறியது.

கத்தோலிக்கக் குடும்பங்களில் ஞானஸ்நானப் பெயர்கள் தமிழுருவில் வழங்கின: யோசேப்பு சூசையாகவும், சேவியர் சவரிமுத்துவாகவும், பவுல் சின்னப்பனாகவும் ஆனார்கள். லத்தீனில் பவுல் என்பதன் பொருளும் 'சிறியவர்' என்பதே. திராவிட இயக்கத்தின் செல்வாக்கில் அன்பழகன், தமிழ்ச்செல்வி, மலர்விழி போன்ற தனித்தமிழ்ப் பெயர்கள் பரவின. பாட்டன் பெயரைச் சாமிக்கு முன் சொல்லிவிட்டு, பதிவுக்கு வேறொன்றை எழுதும் வழக்கமும் வந்தது.

இன்று பஞ்சாங்கத்தில் நட்சத்திரத்துக்குரிய எழுத்தைப் பார்த்து, அஸ்வினிக்குச் 'சு, சே, சோ, லா' என்பதுபோல், பெயர் தேடுவது பொதுவாகிவிட்டது. ஷகரமும் ஜகரமும் கலந்த, பொருள் தெளிவற்ற புதுப்பெயர்களும் பெருகியுள்ளன. மாரியாயி, குப்பாயி போன்றவை முதியோரிடமே எஞ்சியுள்ளன. பிறப்பு அத்தாட்சிப் பத்திரம், அடையாள அட்டை, ஊழியர் சேமலாப நிதிப் பதிவு ஆகியவற்றில் பெயர் ஒத்துப்போகாதபோது, வேறுபடும் பெயர்கள் ஒருவரையே குறிக்கும் எனச் சமாதான நீதவான் முன் சத்தியக்கடதாசி முடிக்க வேண்டியிருக்கிறது. ஓய்வுபெற்ற தொழிலாளியின் சேமலாபப் பணம் கைக்கு வருவதும் பலவேளை பெயரின் ஓர் எழுத்தில் தங்கியிருக்கிறது.