ஊராட்சி ஒப்பந்ததாரரின் வழக்குரிமையும் ஒப்பந்தச் சட்டத்தின் எழுபதாம் பிரிவும்

சுண்ணாம்புக்கல் வளமும் சிமெண்ட் ஆலைகளும் மிகுந்த அரியலூர் மாவட்டத்தில், ரெட்டிபாளையம் போன்றதோர் ஊராட்சியில், சாலையோ சிறுபாலமோ கட்டி முடித்து, அளவுப் புத்தகத்தில் பொறியாளர் கையெழுத்தும் பெற்றுவிட்ட ஓர் ஒப்பந்ததாரர், பில் தொகை கைக்கு வராமல், ஒன்றிய அலுவலகத்துக்கும் ஆட்சியர் அலுவலகத்துக்கும் மனு எழுதியே காலங்கழிப்பாராயின், பணத்தோடு வழக்குரிமையையும் இழக்கும் நிலைக்கு ஆளாவார். பணம் தரும் நாள் குறிக்கப்படாத வேலைக்குரிய தொகையைக் கேட்டு வழக்கிட, 1963ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டம் வேலை முடிந்த நாள் முதல் மூன்று ஆண்டுகளே அவகாசம் தருகிறது. மனுக்கள் எத்தனை கொடுப்பினும் அது நீளாது. அவகாசம் தீருமுன், கடனை ஒப்புக்கொண்டு பொறுப்புடைய அதிகாரி கையொப்பமிட்ட கடிதம் ஒன்று கிடைத்தால், அன்று முதல் கணக்கு புதிதாகத் தொடங்கும்.

வழக்கு மன்றத்தில் ஊராட்சித் தரப்பு எழுப்பும் பிரதான ஆட்சேபம், வேலை உத்தரவு விதிப்படி பிறப்பிக்கப்படவில்லை, ஆகவே ஒப்பந்தமே செல்லாது என்பது. இதற்கு விடை 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் எழுபதாம் பிரிவில் இருக்கிறது: இலவசமாகச் செய்யும் கருத்தின்றி ஒருவர் நியாயமாகச் செய்த காரியத்தின் பயனை மற்றொருவர் அநுபவித்தால், அவர் ஈடு கொடுக்கக் கடமைப்பட்டவர். நம் மாநிலத்துக்கு இது புதிதன்று. ஏரி ஒன்றைச் சர்க்கார் செப்பனிட, அதன் நீரால் ஜமீன் கிராமங்களும் பயன்பெற்ற விவகாரத்தில், 1894இல் சென்னை உயர் நீதிமன்றம், தாமோதர முதலியார் வழக்கில், இப்பிரிவைக் கொண்டே ஜமீன் தரப்பையும் செலவில் பங்கேற்கச் செய்தது. பின்னர் வங்காளத்து ஆராம்பாக்கில் சர்க்காருக்காகக் கட்டடங்கள் எழுப்பிய பி.கே. மண்டல் நிறுவனத்தின் வழக்கில், ஒப்பந்தம் சட்டம் விதித்த வடிவில் அமையவில்லை என்ற காரணத்தால் செய்த வேலை சட்டவிரோதமாகிவிடாது என்று உச்ச நீதிமன்றம் 1961 டிசம்பரில் தீர்ப்பளித்தது. சாலையில் ஊரார் நடக்க, பாலத்தில் வண்டிகள் ஓட, ஒப்பந்தம் இல்லையென்று வாதிடுவது அநியாயம் என்பதே என் துணிபு. ஆயினும் இப்பிரிவால் கிடைப்பது நியாயமான ஈடு. ஒப்புக்கொண்ட விகிதமே கிடைக்கும் என்ற உறுதி இல்லை.

'முந்தைய தலைவர் காலத்து வேலை' என்ற சாக்கும் நிலைக்காது. 2016 அக்டோபர் முதல் 2019 இறுதியில் நடந்த தேர்தல் வரை தமிழ்நாட்டின் பெரும்பாலான மாவட்டங்களில் ஊராட்சிகளைத் தனி அலுவலர்களே நிர்வகித்தனர். எனினும் 1994ஆம் ஆண்டு ஊராட்சிகள் சட்டத்தின்படி ஊராட்சி என்பது வழக்கிடவும் வழக்கிடப்படவும் வல்ல சட்டநபர். தலைவர் மாறுவதால் அதன் கடன் அழிவதில்லை. வேலையை ஒப்படைத்தது ஊராட்சியா, ஒன்றியமா என்பதை வேலை உத்தரவைப் பார்த்து நிச்சயித்துக்கொண்டே பிரதிவாதியைக் குறிக்க வேண்டும்.

நேரே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யும் ஆசை பலருக்குண்டு. ஒப்பந்தப் பணப் பிணக்குகள் உரிமையியல் நீதிமன்றத்துக்கோ நடுவர் மன்றத்துக்கோ உரியவை என்று குரியன் கலாத்தில் வழக்கில் 2000இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது, பின்வந்த ஏ.பி.எல். இன்டர்நேஷனல் வழக்கோ, ஒப்பந்த விவகாரம் என்பதாலேயே ரிட் அதிகாரம் விலகிவிடாது என்று வழி திறந்தது. ஆகவே, தொகையை அலுவலகமே எழுத்தில் ஒப்புக்கொண்டிருந்தால் அவ்வழி நாடத்தக்கது. அளவிலோ தரத்திலோ தகராறு இருப்பின் வழக்கே கதி. தொகை மூன்று லட்ச ரூபாய்க்குக் குறையாதாயின், கட்டுமான ஒப்பந்தம் 2015ஆம் ஆண்டு வணிக நீதிமன்றங்கள் சட்டத்துக்குள் வரும். அச்சட்டப்படி, அவசர இடைக்கால நிவாரணம் கோராத வழக்குக்கு முன் சமரசப் பேச்சு கட்டாயம். அதில் கழியும் நாட்கள் காலவரையறைக் கணக்கில் சேரா.