கேசட் நம்பர் 17: தாம்பரம் பக்கம் வீடியோ கேம் வாடகைக்குக் கிடைத்த காலம்

போன மாசம் பரண் சுத்தம் பண்ணும்போது ஒரு மஞ்சள் கேசட் கிடைச்சது. பாட்டு கேசட் இல்ல, வீடியோ கேம் கேசட். லேபிள் பாதி உரிஞ்சு, "64 இன் 1" என்பது மட்டும் மிச்சம் இருந்தது. பின்பக்கம் நீல மார்க்கரில் 17 என்று ஒரு எண். அதை எழுதினது நான் இல்ல, கடைக்காரர். அதாவது இந்த கேசட் என்னுடையதே இல்ல. 1990களின் நடுவில் மேற்கு தாம்பரத்தில் ஒரு கடையில் வாடகைக்கு எடுத்து, திருப்பிக் கொடுக்காமல் விட்டது.

நான் காசு கொடுத்து வாங்கிய கேசட்டுகள் பத்துப் பன்னிரண்டு இருந்தன. முடிச்சூர் வீட்டில் கட்டிலுக்கு அடியில் ஒரு அட்டைப்பெட்டியில் வைத்திருந்தேன். 2015 டிசம்பரில் ஏரிகள் நிரம்பி அடையாற்று வெள்ளம் எங்க தெருவுக்குள் வந்தப்ப, எல்லாம் சேற்றோடு போச்சு. பரணில் கிடந்த வாடகை கேசட் மட்டும் தப்பிச்சது. இதை வைத்துக்கொண்டுதான் ஒரு கேள்வி ஆரம்பிச்சது: அந்த வாடகைக் கடைகளின் வரலாறு எங்கே இருக்கு?

வாங்க முடியாத பொருள்

முதலில் கருவியைப் பற்றி. நிண்டெண்டோ 1983 ஜூலையில் ஜப்பானில் ஃபேமிகாம் என்ற கருவியை வெளியிட்டது. அமெரிக்காவில் அதுவே என்.இ.எஸ். என்ற பெயரில் போச்சு. நம்ம ஊரில் பெரும்பாலானோர் பார்த்தது இரண்டும் இல்ல. ஃபேமிகாமைப் பார்த்துச் செய்த நகல் கருவிகள்தான் இங்கே ஓடின. மீடியா, லிட்டில் மாஸ்டர், டெர்மினேட்டர் என்றெல்லாம் பெயர்கள். கேசட் சொருகும் இடத்தில் ஃபேமிகாமின் அதே 60 பின். அதனால் எந்த கேசட்டும் எந்தப் பெட்டியிலும் ஓடும்.

அசல் கருவி ஏன் வரல? ஒரு காரணம் இறக்குமதித் தீர்வை. 1990களின் நடுவில் சேகா நிறுவனம் தன் மெகா டிரைவை ஷா வாலஸ் மூலமா இந்தியாவில் விற்றது. 80 சதவீத இறக்குமதித் தீர்வையைத் தவிர்க்கத்தான் அந்த ஏற்பாடு. அப்படியும் விலை 18,000 ரூபாய். நடுத்தரக் குடும்பத்தில் அப்போ அது ஒரு கலர் டிவிக்குப் பக்கத்தில் வரும் தொகை. விளையாட்டு சாமானுக்கு யார் கொடுப்பாங்க?

நகல் கருவி வாங்க இரண்டு இடம். பீச் ஸ்டேஷனில் இறங்கினால் பர்மா பஜார், இல்லைன்னா மவுண்ட் ரோடு பக்கம் ரிச்சி தெரு. தாம்பரத்துக்காரனுக்கு இரண்டுமே மின்சார ரயில் தூரம்தான். ஆனால் அந்த விலையும் எங்க வீட்டில் தீபாவளிக்குத் தீபாவளி தள்ளிப்போன விலைதான். அதனால் வாடகை.

டெக்கு விட்ட கடையே கேமும் விட்டது

வாடகை நமக்குப் புதுசு இல்ல. கோபாலபுரம் ஈஸ்வரி லெண்டிங் லைப்ரரி 1955லிருந்து புத்தகம் வாடகைக்கு விடுது. 80களில் கல்யாணம், காதுகுத்து என்றால் டெக்கும் டிவியும் நாலு படக் கேசட்டும் ஒரு ராத்திரிக்கு வாடகைக்கு வரும். கேபிள் டிவி வந்ததும் அந்தத் தொழில் படுத்தது. எங்க பக்கத்துக் கடை அந்த அலமாரியிலேயே வீடியோ கேமை வைத்தது. அலமாரியும் நோட்டும் பழசு, உள்ளே இருந்த பொருள் மட்டும் புதுசு.

நான் பார்த்த வகைகள் மூன்று.

ஒன்று, கடையிலேயே உட்கார்ந்து ஆடுவது. மணிக்கு 5 ரூபாய் என்று நினைவு. இரண்டு, வீட்டில் கருவி இருக்கிறவர்கள் கேசட்டை மட்டும் ஒரு நாளைக்கு எடுப்பது. மூன்று, கருவி, அடாப்டர், இரண்டு ரிமோட், இரண்டு கேசட் எல்லாமே ஒரு பையில் போட்டு சனிக்கிழமை சாயங்காலம் வாங்கி ஞாயிறு சாயங்காலம் திருப்புவது. மூன்றாவதுக்கு அட்வான்ஸ் வேணும், இல்லைன்னா ரேஷன் கார்டு. அம்மா ரேஷன் கார்டைத் தரமாட்டாங்க. அதனால் நாலு பசங்க சேர்ந்து அட்வான்ஸ் போடுவோம், யார் வீட்டு டிவியில் ஆடுவது என்று அதுக்கப்புறம் சண்டை. கருவியை சாலிடேர் டிவியின் ஆன்டெனா துளையில் சொருகி, சேனலை ட்யூன் பண்ணவே அரை மணி நேரம் போயிடும்.

இந்த வாடகை முறை நாங்கள் எதை ஆடினோம் என்பதையே தீர்மானித்தது. இதை நான் ரொம்ப நாள் யோசிச்சதே இல்ல. செல்டா மாதிரி நீண்ட விளையாட்டுகளின் அசல் கேசட்டில் ஒரு சின்ன பேட்டரி இருக்கும். விட்ட இடத்தை அது நினைவில் வைக்கும். நகல் கேசட்டுகளில் செலவைக் குறைக்க பேட்டரியே வைப்பதில்லை. வைத்திருந்தாலும் நாளைக்கு அந்த கேசட் வேறொருத்தன் வீட்டில் இருக்கும். அதனால் ஒரே உட்காரலில் ஆடி முடிக்கிற விளையாட்டுகளுக்குத்தான் மவுசு: கான்ட்ரா, மரியோ, அட்வென்ச்சர் ஐலண்ட், நாங்கள் டாங்க் கேம் என்று சொன்ன பேட்டில் சிட்டி. கான்ட்ராவில் மேலே இரண்டு, கீழே இரண்டு, இடது வலது இடது வலது, பி, ஏ அழுத்தினால் 30 உயிர். மணிக்குக் காசு கொடுக்கிறவனுக்கு அது ஏமாற்று வேலை இல்ல, சிக்கனம்.

அமெரிக்காவிலும் வாடகை விளையாட்டை மாற்றியிருக்கு, ஆனால் எதிர்த்திசையில். 1994ல் வந்த லயன் கிங் கேம் ஏன் அவ்வளவு கஷ்டம் என்று அதைச் செய்த வெஸ்ட்வுட் நிறுவனத்தின் லூயிஸ் கேஸில் பின்னாளில் சொன்னார்: ஒரு வார வாடகையிலேயே பசங்க முடித்துவிடக்கூடாது என்பதால் கடினமாக்கச் சொன்னார்களாம்.

மூன்று நாடு, மூன்று சட்டம்

ஜப்பானில் 1984ல் பதிப்புரிமைச் சட்டத்தில் வாடகை உரிமையைச் சேர்த்தார்கள். உரிமையாளர் சம்மதிக்காமல் கேம் வாடகைக்கு விட முடியாது, அவர்களும் சம்மதிக்கல. அதனால் அங்கே பழைய கேசட் விற்கும் கடைகள் பெருகின. அதையும் நிறுவனங்கள் எதிர்த்து வழக்குப் போட்டன. விற்கலாம் என்று 2002ல் ஜப்பான் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. நடுவில் நிண்டெண்டோவே வாடகைக்குப் பக்கத்தில் வரும் ஒன்றைச் செய்தது. 1986லிருந்து கடையில் இருந்த ஒரு இயந்திரத்தில் நம்ம டிஸ்க்கைக் கொடுத்து 500 யென் கட்டினால், பழைய விளையாட்டை அழித்துப் புதுசை எழுதிக் கொடுக்கும். 2003 வரை அந்தச் சேவை இருந்தது.

அமெரிக்காவில் தலைகீழ். 1990ல் கணினி மென்பொருளை வாடகைக்கு விடுவதைத் தடுத்துச் சட்டம் வந்தது, ஆனால் வீடியோ கேம் கருவிக்கான கேசட்டுகளுக்கு விதிவிலக்கு கொடுத்தார்கள். ஃபிளாப்பியை வீட்டில் நகல் எடுக்கலாம், கேசட்டை எடுப்பது கஷ்டம் என்பது அதன் பின்னால் இருந்த யோசனை. அதுக்கு முன்னாலேயே, 1989ல், நிண்டெண்டோ பிளாக்பஸ்டர் மேல் வழக்குப் போட்டிருந்தது. கேசட் வாடகைக்காக இல்ல, கூட வரும் கையேட்டை ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்ததற்காக.

இந்தியா? எனக்கே ஆச்சரியமா இருந்த பகுதி இது. 1994ல் திருத்தி, 1995 மே 10ல் அமலுக்கு வந்த நம் பதிப்புரிமைச் சட்டம், கணினி நிரலின் பிரதியை வாடகைக்கு விடும் உரிமையை உரிமையாளருக்கே கொடுத்தது. அந்தப் பிரதி முன்னாடியே விற்கப்பட்டதா இல்லையா என்பது பொருட்டே இல்லை என்றும் சொன்னது. தகவலைச் செயலாக்கும் எந்த மின்னணுக் கருவியும் அந்தச் சட்டத்தின்படி கணினிதான். அமெரிக்காவில் மாதிரி வீடியோ கேமுக்கு விதிவிலக்கு இல்ல. நான் படித்துப் புரிந்துகொண்ட வரை, அசல் கேசட்டையே வைத்திருந்தாலும் எங்க கடைக்காரர் சட்டத்துக்கு வெளியேதான் நின்றிருப்பார். அவருக்கு இது தெரிந்திருக்குமா? எங்களுக்குத் தெரியாது. கேட்க வேண்டியவர்களும் முடிச்சூர் ரோடு பக்கம் வரல.

கடையை மூடியது சட்டம் இல்ல, சிடி. பிளேஸ்டேஷன் வந்து, சிப் போட்ட கருவியில் நகல் சிடி ஓட ஆரம்பித்ததும், ஒரு நாள் வாடகைக்கு எடுப்பதை விட சிடியையே வாங்கிடலாம் என்றாகிப் போச்சு. அப்புறம் பிரவுசிங் சென்டர்கள் வந்தன. கேசட் அலமாரி காணாமல் போச்சு.

இன்று யார் கடன் கொடுப்பார்கள்?

அமெரிக்காவில் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023ல் ஒரு ஆய்வு வெளியிட்டது. அங்கே 2010க்கு முன் வெளியான பழைய விளையாட்டுகளில் 87 சதவீதம் இன்று கடையில் வாங்கக் கிடைக்காது. நூலகங்கள் அவற்றை ஆய்வாளர்களுக்கு இணையம் வழியாக இரவல் தர அனுமதி கேட்டார்கள். 2024 அக்டோபரில் அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் மறுத்துவிட்டது.

நம் சட்டத்தில் ஒரு சின்ன சன்னல் திறந்திருக்கு. 2012 திருத்தம் வணிக வாடகை என்றால் என்ன என்று வரையறுத்தபோது, லாப நோக்கமற்ற நூலகமோ கல்வி நிறுவனமோ வணிகமில்லாத நோக்கத்துக்குக் கணினி நிரலை இரவல் கொடுத்தால் அது வணிக வாடகை ஆகாது என்று ஒதுக்கி வைத்தது. கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகம் மாதிரி ஒரு இடத்தில் பழைய கேசட்டும் கருவியும் வைத்து, உட்கார்ந்து ஆடிப் பார்க்க விட்டால் எப்படி இருக்கும் என்று உடனே கற்பனை ஓடுச்சு.

ஆனால் அந்த வரியில் ஒரு நிபந்தனை இருக்கு: பிரதி சட்டப்படி பெறப்பட்டதாக இருக்கணும். இங்கே வந்து முட்டிக்கிட்டேன். தமிழ்நாட்டில் நாங்கள் ஆடியது சட்டப்படி பெறப்பட்ட பிரதிகளே இல்ல. ஜப்பானிலிருந்து அசல் மரியோ கேசட்டை வரவழைத்து நூலகத்தில் வைக்கலாம். அது ஜப்பான்காரரின் பால்யம். எங்களுடையது "64 இன் 1".

அந்த கேசட்டைத் திறந்து பார்த்தேன். பெயர் பொறித்த சிப் எதுவும் இல்ல. பலகையில் ஒரு கறுப்புப் பிசின் உருண்டை, அதுக்குள்ளேதான் எல்லாம். துடைத்துப் போட்டதும் ஓடியது. சின்ன வயசில் ஊதி ஊதிப் போடுவோம், அந்த ஈரம் பின்னைத்தான் கெடுக்கும். மெனுவில் 64 பெயர், எண்ணினால் உண்மையில் வேறு வேறு விளையாட்டு 21தான். மிச்சம் எல்லாம் அதே மரியோ வேறு கட்டத்தில் ஆரம்பிப்பது, அதே டாங்க் வேறு பெயரில் வருவது. எழுத்துப் பிழையோடு யாரோ எழுதிய மெனு. அதைச் செய்தவர் யார் என்று எந்த நாட்டு ஆவணத்திலும் இருக்காது.

நான் தேடுவது இன்னொன்றும் இருக்கு: கடைக்காரரின் நோட்டு. எந்த எண் கேசட், யார் எடுத்தார், எப்போ திருப்பினார் என்று அதில் எழுதுவார். ஒரு புறநகரில் 90களின் பிள்ளைகள் எதை எத்தனை தடவை ஆடினார்கள் என்பதற்கு அதை விட நல்ல சான்று கிடையாது. கடை இருந்த இடத்தில் இப்போ செல்போன் கடை. பக்கத்தில் விசாரித்தேன், அவர் குடும்பத்தோடு ஊர் மாறிட்டாராம். எங்கே என்று தெரியல.

உங்க வீட்டுப் பரணிலும் இப்படி ஒரு கேசட்டோ, பழைய வாடகை ரசீதோ, நோட்டோ இருக்கலாம். எடைக்குப் போடாதீங்க. குறைந்தபட்சம் முன்பக்கமும் பின்பக்கமும் ஒரு போட்டோ எடுத்து, எந்த ஊர், எந்த வருஷம் என்று ஒரு வரி எழுதி வைங்க.

நம்பர் 17 இப்போ என் மேசையில் இருக்கு. நகல் என்பதால் ஒரு குற்றம், திருப்பாததால் இன்னொன்று. அந்த நோட்டு இன்னும் எங்கேயாவது இருந்தால், 17க்கு எதிரே என் பெயர் இருக்கும், திருப்பிய தேதி இருக்காது. என்றைக்காவது அவரைப் பார்த்தால் கேசட்டைக் கொடுத்துவிட்டு, நோட்டை ஒரு நாள் வாடகைக்குக் கேட்கணும்.